அடிக்குறிப்பில் கேட்ட கேள்வி

கேள்வி: அறிவொளி என்றாலே எனக்குத் தொண்ணூறுகளில் எங்கள் ஊரில் நடந்த எழுத்தறிவு இயக்கம்தான் ஞாபகம் வருகிறது. ஐரோப்பாவில் ‘அறிவொளிக் காலம்’ என்கிறார்களே, அது என்ன? யார் ஆரம்பித்தது?

பதில்: எனக்கும் அதே ஞாபகம்தான் முதலில் வரும். பதினெட்டாம் நூற்றாண்டின் ஐரோப்பிய அறிவொளியை இன்னார் இன்ன தேதியில் ஆரம்பித்தார் என்று சொல்ல முடியாது. ஆனால் ‘அது என்ன?’ என்று நீங்கள் கேட்கிறீர்களே, அதே கேள்வி ஒரு பத்திரிகையில்தான் வந்தது என்பதில், கேள்வி பதில் எழுதிப் பிழைக்கும் எனக்குக் கொஞ்சம் பெருமை உண்டு.

பெர்லினில் ஒரு மாதப் பத்திரிகை. கல்யாணத்துக்குப் பாதிரியார் எதற்கு, அவர் இல்லாமலே நடத்தலாமே என்று 1783-இல் அதில் ஒரு கட்டுரை வருகிறது. சோல்னர் என்ற பாதிரியாருக்குக் கோபம். டிசம்பர் இதழில் பதில் எழுதினார், போகிற போக்கில் அடிக்குறிப்பில் ஒன்று கேட்டார்: ஆளுக்கு ஆள் அறிவொளி, அறிவொளி என்கிறீர்களே, முதலில் அது என்னவென்று யாராவது சொன்னீர்களா? கிண்டலாகக் கேட்டாரோ, நிஜமாகவே கேட்டாரோ, ஊரே பதில் எழுத உட்கார்ந்துவிட்டது. 1784 செப்டம்பரில் மோசஸ் மெண்டல்சோன் என்ற தத்துவவாதி எழுதினார். டிசம்பரில் கோனிக்ஸ்பெர்க் என்ற பிரஷ்ய ஊரில் இருந்து தத்துவப் பேராசிரியர் இம்மானுவேல் காண்ட் எழுதினார், அப்போது அவருக்கு அறுபது வயது. மெண்டல்சோனின் கட்டுரை தன் கைக்கு இன்னும் வரவில்லை என்று காண்ட்டும் ஒரு அடிக்குறிப்பு போட்டிருக்கிறார்!

காண்ட்டின் பதில் சில பக்கம்தான். மனிதன் தானே வரவழைத்துக்கொண்ட மைனர் நிலையிலிருந்து வெளியே வருவதுதான் அறிவொளி என்றார். அவர் போட்ட ஜெர்மன் சொல் சட்டத்தில் புழங்கும் சொல், நம் பத்திரப்பதிவில் ‘மைனர், கார்டியன்’ என்று எழுதுகிறோமே அதுதான் (பட்டு ஜிப்பா மைனர் அல்ல). எனக்குப் பதிலாக யோசிக்கப் புத்தகம் இருக்கிறது, மனசாட்சிக்குப் பாதிரியார் இருக்கிறார், என்ன சாப்பிட வேண்டும் என்று சொல்ல வைத்தியர் இருக்கிறார், காசு கொடுத்தால் போதும், நான் எதற்கு மண்டையை உடைத்துக்கொள்ள வேண்டும் என்று இருப்பவன்தான் அந்த மைனர். அறிவு இல்லாததால் அல்ல, துணிச்சல் இல்லாததாலும் சோம்பலாலும் அப்படி இருக்கிறான் என்கிறார். இருநூற்று நாற்பது வருடம் கழித்துப் படித்தாலும் சுருக்கென்று குத்துகிறது.

கேள்வி: துணிந்து யோசி என்ற காண்ட், ராஜாவுக்குக் கீழ்ப்படி என்றும் சொன்னாராமே? இது என்ன இரட்டை வேஷம்?

பதில்: சொன்னார், அதே கட்டுரையில். வேஷம் என்று தள்ளிவிட முடியாது, கொஞ்சம் பொறுமையாகப் பார்க்க வேண்டும். ராணுவ அதிகாரி பணியில் இருக்கும்போது மேலிடத்து உத்தரவோடு வாதம் செய்யக் கூடாது, ஆனால் போர் நடத்திய விதம் தப்பு என்று வாசகர்கள் முன்னால் எழுதலாம், அதை யாரும் தடுக்கக் கூடாது. வரியைக் கட்டு, கட்டிவிட்டு வரி அநியாயம் என்று எழுது. இதில் வேடிக்கை, உத்தியோகத்தில் செய்வதை அவர் அறிவின் ‘தனிப்பட்ட’ பயன்பாடு என்கிறார், உலகத்தைப் பார்த்து எழுதுவதைப் ‘பொது’ என்கிறார். நாம் நேர்மாறாகச் சொல்வோம்.

அந்த ஏற்பாடு ராஜாவின் தயவில் நின்றது என்பதுதான் சிக்கல். அப்போதைய பிரஷ்ய ராஜா இரண்டாம் பிரெடரிக் 1786-இல் இறந்தார், அடுத்து வந்தவருக்கு இந்தத் தாராளம் இல்லை. மதம் பற்றிக் காண்ட் 1793-இல் வெளியிட்ட நூலுக்காக, அடுத்த வருடமே அரச கண்டன ஓலை வந்தது. ‘மாட்சிமை தங்கிய தங்களின் விசுவாசமுள்ள குடிமகனாக’ இனி மதம் பற்றி எழுதவும் பேசவும் மாட்டேன் என்று பதில் கொடுத்தார். 1797-இல் அந்த ராஜாவும் போனார். ‘தங்களின்’ குடிமகன் என்றுதானே எழுதினேன், தாங்கள் போனபின் வாக்குறுதியும் போயிற்று என்று மறு வருடம் மதம் பற்றி மறுபடி எழுதினார். அந்தச் சொல்லை யோசித்துத்தான் போட்டேன் என்று அவரே சொல்லியிருக்கிறார். கிழவர் லேசுப்பட்டவர் அல்ல.

கேள்வி: ரூசோவும் இந்தக் கூட்டம்தானா?

பதில்: கூட்டத்துக்குள் இருந்துகொண்டே கூட்டத்தைத் திட்டிய பிரெஞ்சுமொழிச் சிந்தனையாளர். அவர் கதையும் ஒரு பத்திரிகைக் கேள்வியில்தான் தொடங்குகிறது. 1749-இல் அவர் நண்பர், எழுத்தாளர் திதரோ எழுத்துக் குற்றத்துக்காக வின்சென் கோட்டையில் சிறையில் இருந்தார். அவரைப் பார்க்க ரூசோ பாரிசிலிருந்து நடந்து போகும் வழியில் பத்திரிகையைப் புரட்டினால், திஜோன் கலைக்கழகத்தின் கட்டுரைப் போட்டி அறிவிப்பு: கலையும் அறிவியலும் வளர்ந்ததால் ஒழுக்கம் தூய்மை அடைந்ததா? மரத்தடியில் உட்கார்ந்து சட்டை நனையும் அளவுக்கு அழுதாராம், அவரே சொன்னது, பாதி தள்ளுபடி செய்து கேட்டுக்கொள்ளுங்கள். இல்லை, கெட்டுத்தான் போனது என்று எழுதி 1750-இல் பரிசு வாங்கினார். அதே கழகம் பின்னால் கேட்ட இன்னொரு கேள்விக்கு, மனிதருக்குள் ஏற்றத்தாழ்வு எங்கிருந்து வந்தது என்று அவர் எழுதியதற்குப் பரிசு கிடைக்கவில்லை. இன்று அதிகம் படிக்கப்படுவது அந்தப் பரிசு வாங்காத கட்டுரைதான்.

கேள்வி: எல்லாம் ஆண்களாகவே இருக்கிறார்களே?

பதில்: நியாயமான கேள்வி. காண்ட்டே 1797-இல் பெண்களையும் வீட்டு வேலைக்காரர்களையும் வாக்குரிமை இல்லாத குடிமக்கள் வரிசையில்தான் வைத்தார். மைனர்களை விடுவிக்க வந்தவர்! ஆனால் கேள்வி கேட்கும் பழக்கம் பரவிவிட்டால் அதை ஆண்களோடு நிறுத்தி வைக்க முடியுமா? பிரான்சில் ஒலிம்ப் து கூஜ் என்ற பெண் எழுத்தாளர் 1791-இல் பெண்ணுரிமைப் பிரகடனம் எழுதினார், தூக்குமேடை ஏறப் பெண்ணுக்கு உரிமை உண்டென்றால் பேச்சுமேடை ஏறவும் உண்டு என்று. 1793 நவம்பரில் அவர் தலையைப் புரட்சி அரசே வெட்டியது. இங்கிலாந்தில் மேரி வோல்ஸ்டன்கிராஃப்ட் 1792-இல் எழுதிய பெண்ணுரிமைப் புத்தகத்தில் ரூசோவுக்கு நல்ல வறுவல்.

கேள்வி: ‘உன் கருத்தை ஏற்க மாட்டேன், ஆனால் அதைச் சொல்லும் உன் உரிமைக்காக உயிரையும் கொடுப்பேன்’ என்று வால்டேர் எங்கே சொன்னார்?

பதில்: எங்கேயும் இல்லை. இந்தப் பிரெஞ்சு எழுத்தாளரைப் பற்றி ஓர் ஆங்கில எழுத்தாளர் 1906-இல் எழுதிய புத்தகத்தில், அவருடைய மனநிலையை விளக்கப் போட்ட வரி.

கேள்வி: வால்டேர் நம் வேதத்தைப் பாராட்டினாராமே?

பதில்: பாராட்டினார், ஆனால் அது வேதமே இல்லை. ‘எசூர் வேதம்’ என்ற பிரெஞ்சுக் கையெழுத்துப் பிரதி 1760-இல் அவர் கைக்கு வந்தது, பாண்டிச்சேரியில் இருந்து வந்த ஒருவர் மூலம். இரண்டு முனிவர்கள் பேசிக்கொள்வது போன்ற நூல், ஒரே கடவுள், விக்கிரக வழிபாடு கூடாது என்று போகிறது. பைபிளுக்கு முந்தியே இந்தியாவில் இவ்வளவு தெளிவா என்று மகிழ்ந்து, பிரதியைப் பாரிசில் அரச நூலகத்துக்கே கொடுத்து, திருச்சபையை அடிக்க அதைக் கம்பாக எடுத்துக்கொண்டார். அதை எழுதியதே இந்துக்களை மதம் மாற்ற நினைத்த கிறிஸ்தவப் பாதிரிமார் தரப்பு! எதையும் சந்தேகி என்றவர் தனக்குப் பிடித்ததை மட்டும் சந்தேகிக்கவில்லை. இது பாதிரி வேலை என்று சொன்னேரா என்ற பிரெஞ்சுப் பயணி 1782-இல் அச்சில் சொன்னார். பின்னால், திருக்குறளை மொழிபெயர்த்த நம் எல்லிஸ், பாண்டிச்சேரியில் பாதிரிமாரிடம் இருந்த பிரதிகளையே பார்த்து விரிவாக எழுதினார். வால்டேருக்கு இந்த விவகாரம் எதுவும் காதில் விழவில்லை, அவர் 1778-இலேயே போய்ச் சேர்ந்துவிட்டார்.