பழைய அமெரிக்க மௌன நகைச்சுவைப் படங்களில் ஏன் அடிக்கடி கடற்கரை வருகிறது?

முதல் காரணம் சிக்கனம். அன்றைய ஃபிலிமுக்கு நல்ல வெயில் வேண்டும். லாஸ் ஏஞ்சலஸை ஒட்டிய வெனிஸ், சாண்டா மோனிகா கடற்கரைகளில் அது தாராளம். செட் செலவும் மிச்சம்.

ஆனால் எனக்கு முக்கியமாகப் படுவது காற்றுதான். சாப்ளினின் 'பை தி சீ' (1915) பாருங்கள்: பறந்துவிடாமலிருக்க இருவர் தொப்பியை நூலால் கட்டியிருக்கிறார்கள். நூல்கள் சிக்கிக்கொள்கின்றன, அடிதடி ஆரம்பம். பெரிதாகக் கதை என்று எதுவும் கிடையாது.

மனைவி கண்ணில் படாமல் நழுவுவது இன்னொரு வழக்கமான சரக்கு. நியூயார்க்கில் நடக்கும் 'கோனி ஐலண்ட்' (1917) படத்தில் நகைச்சுவை நடிகர் ஆர்பக்கிள் அதற்காக மணலில் தன்னையே புதைத்துக்கொள்வார். பிறகு பெண்ணின் நீச்சலுடையில் திரிவார். சிரிக்காத முகத்துக்குப் பேர்போன பஸ்டர் கீட்டன் இதில் வாய்விட்டுச் சிரிக்கிறார், அதற்காகவே பார்க்கலாம்.