அரிதாக நடப்பதற்கு ஏன் அதிகம் பயப்படுகிறோம்?

ஒக்கி புயல் வந்தது 2017 நவம்பர் 30 அன்று. இன்றும் கார்த்திகையில் வானம் கறுத்தால் கன்னியாகுமரி மாவட்டக் கடலோர ஊர்களான குளச்சல், தூத்தூர் பக்கம் அந்த நாள்தான் நினைவுக்கு வரும். அதை அனுபவித்தவர்களிடம் இதைக் குறையாகச் சொல்ல எனக்கு மனம் வராது. ஆனால் அதே வீட்டுப் பையன் தலைக்கவசம் இல்லாமல் மார்த்தாண்டம் வரை பைக்கில் போனால் யாருக்கும் நெஞ்சு பதறுவதில்லை.

சட்டென்று நினைவுக்கு வருவதை, அடிக்கடி நடப்பது என்று மனம் எடுத்துக்கொள்கிறது. உளவியலில் இதன் பெயர் அவெயிலபிலிட்டி ஹியூரிஸ்டிக். எண்ணிப் பார்க்க நேரமாகும் என்பதால் மூளை இந்தக் குறுக்குவழியில் போகிறது.

1973-இல் உளவியலாளர்கள் டிவர்ஸ்கியும் கானமனும் கே, ஆர் உள்ளிட்ட 5 எழுத்துகளைக் கொடுத்து, ஆங்கிலச் சொற்களில் இவை முதலில் வருவது அதிகமா, மூன்றாவதாக வருவதா என்று கேட்டார்கள். 152 பேரில் 105 பேர் பெரும்பாலான எழுத்துகளுக்கு முதலிடத்தையே சொன்னார்கள். உண்மையில் ஐந்துமே மூன்றாமிடத்தில்தான் அதிகம். முதலெழுத்தை வைத்துச் சொல்லைத் தேடுவது எளிது, அதனால் வந்த பிழை.

அடுக்களை அலமாரியில் முன்னால் இருக்கும் டப்பாதான் முதலில் கைக்கு வரும். அதற்காக வீட்டில் அந்தச் சாமான்தான் நிறைய இருக்கிறது என்று ஆகாது. பயமும் அழுகையும் கலந்த நினைவுகள் எப்போதும் முன்வரிசையில் நிற்கும்.

'அப்படியானால் கடல் பயம் வீண்' என்று சிலர் புரிந்துகொள்கிறார்கள். அது தவறு, எச்சரிக்கை வந்தால் படகைக் கரையேற்றத்தான் வேண்டும், குறைபாடு பைக்கில் ஏறும்போது வராத பயத்தில் இருக்கிறது.