பானுமதியை நடிகை என்பதா, எழுத்தாளர் என்பதா?

எழுத்தாளர் என்றுதான் முதலில் சொல்வேன். இதைப் புரிந்துகொள்ள எனக்கு முப்பது வயதாகிவிட்டது, அது வேறு விஷயம்.

எனக்குச் சொந்த ஊர் முக்கூடல் பக்கம். ஆச்சி மடியில் முறத்தை வைத்துப் பீடி சுற்றிக்கொண்டிருப்பாள். ரேடியோவில் பானுமதி பாட்டு வந்தால் கை நிற்காது, பேச்சு மட்டும் நின்றுவிடும். "எம்ஜிஆர் பக்கத்துல நின்னாலும் இவளத்தான் பாக்கத் தோணும், பாத்துக்க" என்பாள். 'நாடோடி மன்னன்' படத்தில் பானுமதி பாதியிலேயே செத்துப்போனதும் முறுக்குப் பொட்டலத்தோடு கொட்டகையை விட்டு எழுந்து வந்தவள் அவள். அப்புறம்தான் சரோஜாதேவி வருவார், படம் கலருக்கு மாறும். அதெல்லாம் ஆச்சி பார்க்கவே இல்லை.

ஆச்சிக்குத் தெரியாத பானுமதி ஒருவர் உண்டு. 1939இல் தெலுங்கில் நடிக்க வந்தவர், 1943இல் உதவி இயக்குநர் ராமகிருஷ்ணாவைக் கல்யாணம் செய்துகொண்டார். இருவரும் சேர்ந்து பரணி பிக்சர்ஸ் தொடங்கினார்கள். 1953இல் வந்த 'சண்டிராணி'க்குக் கதை அவர், இயக்கம் அவர், இரட்டை வேடமும் அவரே. அதையும் தமிழ், தெலுங்கு, இந்தி என்று மூன்று மொழியில் எடுத்தார். அப்போது அவருக்கு முப்பது வயதுகூட ஆகவில்லை. சொந்தக் கம்பெனி இருந்ததால் கதையைத் தூக்கிக்கொண்டு எந்த முதலாளி வாசலிலும் நிற்க வேண்டியிருக்கவில்லை. அந்தக் காலத்தில் எத்தனை நடிகைகளுக்கு இது வாய்த்தது?

ஆனால் எனக்குப் பிடித்தது அவருடைய மாமியார் கதைகள், 'அத்தகாரி கதலு'. எங்கள் பக்கத்துத் தெலுங்கு வீட்டுக்காரர்களுக்குப் பேசத்தான் வரும், வாசிக்க வராது. ஹைதராபாத்தில் என் அறையில் இருந்த நண்பன்தான் வாசித்து அர்த்தம் சொன்னான். மடி, ஆசாரம் பார்க்கும் மாமியார். கதை சொல்வது மருமகள். திரையில் எதிரே நிற்பவரை முழுங்கிவிடுகிற பானுமதி, இங்கே மூலையில் உட்கார்ந்து மாமியாரைப் பேச விட்டு வேடிக்கை பார்க்கிறார். ஆளையே அடையாளம் தெரியவில்லை. 1966இல் பத்மஸ்ரீ, 2001இல் பத்மபூஷண் எல்லாம் கிடைத்தன. சரி, எனக்கு இந்த மாமியார் போதும்.

ஊறுகாய் போடுவதை வைத்தே ஒரு கதை உண்டு. ஊருக்கு வந்தபோது ஆச்சிக்குச் சொன்னேன். நார்த்தங்காய் ஜாடியை இன்றுவரை எங்கள் அம்மாவைத் தொடவிடாதவள், சிரிக்காமல் கேட்டு முடித்துவிட்டுச் சொன்னாள்:

"அந்த மாமியா சொன்னதுல என்னல தப்பு?"