‘ஹைண்ட்’, ‘டோ’: தமிழில் எப்படிப் பிரிப்பது?

நீங்கள் மொழிபெயர்க்கும் ஸ்காட்லாந்துக் கதையில் வரும் ‘ஹைண்ட்’டை (hind) எப்படி எழுதுவது என்று கேட்டீர்கள். பெண் மானைக் குறிக்கும் ‘பிணைமான்’ என்று எழுதுங்கள். ‘கலைமான் கன்று ஈன்றது’ என்ற உங்கள் வரி நிற்காது. கலை என்பது ஆண் மானின் பெயர்.

அதே கதையில் ‘டோ’வும் (doe) வருகிறது என்கிறீர்கள். இரண்டுமே பெண் மான்தான், இனம்தான் வேறு. செம்மானின் (red deer) பெண் ஹைண்ட். ரோ மான் (roe), ஃபேலோ மான் (fallow) என்ற வேறு இரு மான் இனங்களின் பெண் டோ. ஹைண்ட் பழைய ஜெர்மானியச் சொல். ‘கொம்பில்லாதது’ என்று பொருள்படும் வேரோடு அதை இணைப்பார்கள். டோ, பழைய ஆங்கிலத்தில் ‘டா’.

சந்தேகம் வந்தால் மூலத்தில் குட்டியின் பெயரைப் பாருங்கள். ‘காஃப்’ என்றால் தாய் செம்மான். ‘கிட்’ என்றால் ரோ. ‘ஃபான்’ என்றால் பெரும்பாலும் ஃபேலோ. தமிழில் ‘செம்மான் பிணை’, ‘ரோ பிணை’ என்று இனத்தை முன்னால் வைத்தால் போதும், புதுச்சொல் தேவையில்லை.

பிணை நல்ல பழைய சொல். தொல்காப்பிய மரபியல் புல்வாய், நவ்வி, உழை, கவரி என்ற நான்கு விலங்குகளின் பெண்ணுக்கும் அதைத் தருகிறது. குறள் 1089-இல் ‘பிணையேர் மடநோக்கு’ என்று வருவது இந்த மானைப் போன்ற பெண்ணின் பார்வைதான், எவ்வளவு அழகு! ஆனால் இன்றைய வாசகருக்குப் பிணை என்றதும் ஜாமீன்தான் நினைவுக்கு வரும். அதனால் முதல் இடத்தில் ‘பிணைமான்’ என்றே போடுங்கள்.

ஒரு விலக்கு: கிறிஸ்துமஸ் வண்டி இழுக்கும் ரெயின்டீரைத் தமிழில் கலைமான் என்றே எழுதிப் பழகிவிட்டோம். அதில் பெண்ணுக்கும் கொம்பு உண்டு. அங்கே ‘பெண் கலைமான்’ என்பதே தெளிவு.