ஏழாம் வகுப்புப் படிக்கும் என் மகன் மற்ற கணக்குகளை நன்றாகப் போடுகிறான். நாணயக் கணக்கு வந்தால் மட்டும் தடுமாறுகிறான். எப்படிப் புரியவைப்பது?

அவன் கடைசியாகச் சில்லறை எண்ணியது எப்போது என்று முதலில் யோசித்துப் பாருங்கள்.

மதுரை செல்லூரில் மாலை நேரத்தில் ஆறாம் வகுப்பு முதல் எட்டாம் வகுப்பு வரை படிக்கும் பிள்ளைகளுக்கு வீட்டிலேயே கணக்குச் சொல்லிக்கொடுக்கிறேன். எங்கள் தெருமுனை இளநீர் வண்டியில்கூட க்யூஆர் அட்டை தொங்குகிறது. இந்தப் பிள்ளைகளுக்கு நூறு ரூபாய் என்பது கைபேசித் திரையில் தட்டுகிற ஓர் எண். அதே நூறு ரூபாய் இருபது நாணயமாகவும் இருக்கலாம், ஐம்பது நாணயமாகவும் இருக்கலாம் என்பது அவர்களுடைய கைக்குத் தெரியாது. கைக்குத் தெரியாததைத் தாளில் கேட்கிறோம்.

சிம்மக்கல் பக்கம் என் அப்பா பெட்டிக்கடை வைத்திருந்தார். இரவு கடையைச் சாத்தியதும் கல்லாவை ஒரு சாக்கின்மேல் கொட்டுவார். நானும் தம்பியும் நாணயங்களைப் பிரித்துப் பத்துப் பத்தாக அடுக்க வேண்டும். "எத்தனை?" என்று கேட்டால் நாணயங்களின் எண்ணிக்கையைச் சொல்ல வேண்டும்; "எவ்வளவு?" என்று கேட்டால் ரூபாயைச் சொல்ல வேண்டும். மாற்றிச் சொன்னால் மறுபடியும் முதலிலிருந்து எண்ணவிடுவார். அப்போது எரிச்சலாக இருக்கும். இன்று நான் நாணயக் கணக்குச் சொல்லிக்கொடுப்பதே அந்த இரண்டு சொற்களை வைத்துத்தான். உங்கள் மகனிடம் ஒரு கணக்கைக் கொடுத்து, அதில் உள்ள ஒவ்வோர் எண்ணின் தலைமேலும் 'எத்தனை' அல்லது 'எவ்வளவு' என்று பென்சிலால் எழுதச் சொல்லுங்கள். "2 ரூபாய், 5 ரூபாய் நாணயங்கள் மொத்தம் 32, மதிப்பு 100 ரூபாய்" என்றால் 32 எத்தனை, 100 எவ்வளவு. இதை எழுதிய பிள்ளை, இருவகை நாணயங்களின் எண்ணிக்கையான எக்ஸையும் ஒய்யையும் கூட்டி 100 என்று போடாது. என்னிடம் வரும் பிள்ளைகள் செய்யும் பிழைகளில் பாதிக்குமேல் அந்த ஒரு வரியில்தான் இருக்கின்றன.

அடுத்தது, எக்ஸைத் தொடாமல் கையால் செய்வது. மளிகைக்கடையில் சொல்லிவைத்து எட்டு 2 ரூபாய் நாணயமும் நாலைந்து 5 ரூபாய் நாணயமும் வாங்கிக்கொள்ளுங்கள். கேள்வி: எட்டு நாணயம், 25 ரூபாய். எட்டு இரண்டு ரூபாயைத் தரையில் வரிசையாக வைக்கச் சொல்லுங்கள். 16 ரூபாய்தான் ஆகிறது, 9 குறைகிறது. இப்போது ஓர் இரண்டை எடுத்துவிட்டு அந்த இடத்தில் ஓர் ஐந்தை வைக்கட்டும். நாணயம் எட்டுதான், ஆனால் மூன்று ரூபாய் ஏறிவிட்டது. மூன்று முறை மாற்றினால் குறை தீர்ந்துவிடும். ஐந்து ரூபாய் மூன்று, இரண்டு ரூபாய் ஐந்து. அவசரப்பட்டு விடையைச் சொல்லிவிடாதீர்கள். 'எத்தனை' மாறாமல் 'எவ்வளவு' மட்டும் ஏறுவதை அவன் கண்ணால் பார்க்க வேண்டும்.

பிறகு 32 நாணயக் கணக்குக்கு வாருங்கள். எல்லாம் இரண்டு ரூபாய் என்றால் 64. குறைவது 36. ஒரு மாற்றத்துக்கு 3 என்றால் 12 மாற்றம். ஐந்து ரூபாய் 12, இரண்டு ரூபாய் 20. இதற்குப் பிறகு ஐந்து ரூபாய் நாணயம் எத்தனை என்பதை எக்ஸ் என்று வைத்து, 2 × (32 − எக்ஸ்) + 5 × எக்ஸ் = 100 என்று எழுதிச் சுருக்கினால் 64 + 3 எக்ஸ் = 100 என்று வரும். அந்த 64உம் 3உம் எங்கிருந்து வந்தன என்று அவனே சொல்வான்.

விகிதக் கணக்குக்கு முந்தானை முடிச்சுதான் கைகொடுக்கும். 1, 2, 5 ரூபாய் நாணயங்களின் எண்ணிக்கை 3 : 2 : 1 என்ற விகிதத்தில், மொத்தம் 120 ரூபாய் என்றால், மூன்று ஒன்று, இரண்டு இரண்டு, ஓர் ஐந்து சேர்த்து ஒரு முடிச்சு போடுங்கள். ஒரு முடிச்சில் 12 ரூபாய், ஆகப் பத்து முடிச்சு. எனவே 30, 20, 10 நாணயங்கள். கேள்வியில் 'எண்ணிக்கை' என்ற இடத்தில் 'மதிப்பு' என்று இருந்தால் விடை 60, 20, 4 ஆகிவிடும். மறுபடியும் எத்தனை, எவ்வளவு!

பழைய பயிற்சி நூல்களில் 25 காசும் வரும். 2011 ஜூன் மாதத்தோடு செல்லாமல் போன காசை இன்றைய ஏழாம் வகுப்புப் பிள்ளை எங்கே பார்த்திருக்கும்? பாட்டி இருந்தால் நாலணாக் கதையைச் சொல்லச் சொல்லுங்கள். ரூபாய்க்குப் பதினாறு அணா, அதனால் நாலணா என்றால் கால் ரூபாய். 1957 ஏப்ரலில் நூறு காசுக் கணக்கு வந்த பிறகும் அந்தப் பெயர் வாயிலிருந்து போகவில்லை. காசுக் கணக்கில் எல்லாவற்றையும் முதலில் காசாக மாற்றிவிடுவது நல்லது. 25ஐயும் ரூபாயையும் ஒரே வரியில் கலந்து தொலைப்பது பெரியவர்களும் செய்கிற வேலை.

பத்து ரூபாய் நாணயமும் பழக்கத்துக்கு நல்லதுதான். எல்லா வடிவங்களும் செல்லும் என்று ரிசர்வ் வங்கி 2018இல் விளக்கிய பிறகும் சில கடைகளில் வாங்க மறுத்ததால், என் வீட்டுப் பிஸ்கட் டப்பாவில் நிறையச் சேர்ந்துவிட்டது.

ஒன்று சொல்ல மறந்துவிட்டேன். விடை வராவிட்டால் உடனே பையனைத் திட்டாதீர்கள். ஒருமுறை ஒரு பயிற்சித் தாளில் '30 நாணயம், 100 ரூபாய்' என்று அச்சாகியிருந்தது. ஒரு சிறுமி அரைமணி நேரம் போராடிவிட்டு, "அக்கா, பதிமூன்று ஐந்து ரூபாய் வருகிறது, மீதிக்கு ஒரு காசை மூன்றாக வெட்ட வேண்டுமா?" என்று கேட்டாள். குறைவது 40, அது மூன்றால் வகுபடாது. அவள் போட்டது சரி, கேள்விதான் தப்பு. 30ஐ அடித்து 32 என்று எழுதிக் கொடுத்தேன். மேலே நான் சொன்ன கணக்கு அதுதான்.