கோல் விட்டவன்

அன்புள்ள ஐயா,

ஐரோப்பியக் கால்பந்தைப் பதினைந்து வருடமாகப் பார்த்து வருகிறேன். ஃபார்வர்டாக ஆடியவர்கள் நல்ல பயிற்சியாளராக வருவது அரிது என்பது என் எண்ணம். கோல் அடிப்பவனுக்குத் தன் காலும் எதிரே இருக்கும் வலையும்தான் தெரியும். நடுவில் ஆடியவனுக்குத்தான் மைதானம் முழுக்கத் தெரியும். எனக்குத் தெரிந்த ஒரே விதிவிலக்கு ஸ்பெயினின் லூயிஸ் அரகோனெஸ். அவரால் எப்படி முடிந்தது? ஸ்பெயின் வென்ற 2010 உலகக் கோப்பையின் பெருமை அப்போதைய பயிற்சியாளர் தெல் போஸ்கேவுக்குச் சேருமா, அவருக்கு முன் அணியைக் கட்டிய அரகோனெஸுக்கா? பிரான்ஸின் கறுப்பின ஆட்டக்காரர் தியரி ஹென்றியைப் பற்றிச் சொன்ன ஒரு சொல்லுக்காக அவரை ஒதுக்குவது நியாயமா? தன் ஆட்டக்காரனை உசுப்பிவிடத்தானே அப்படிச் சொன்னார்?

நானும் மாலையில் பள்ளிப் பையன்களுக்குப் பயிற்சி கொடுக்கிறேன். போன வாரம் ஆட்டம் முடிய ஒரு நிமிடம் இருக்கும்போது எங்கள் கோல்கீப்பர் ஒரு சாதாரணப் பந்தை விட்டுவிட்டான். நான் திட்டவில்லை. கற்றுக்கொள்ளட்டும் என்று இரண்டு ஆட்டம் வெளியே உட்கார வைத்திருக்கிறேன்.

கதிரவன், திண்டுக்கல்

*

அன்புள்ள கதிரவன்,

கேள்விகளை முதலில் எழுதிவிட்டு, கடைசி நாலு வரியை வெறும் செய்தியாக எழுதியிருக்கிறீர்கள். எனக்குத் தூக்கம் போனது அந்த நாலு வரியால்தான். அதற்கு வருகிறேன்.

மற்றதைச் சீக்கிரம் முடித்துவிடலாம். ஃபார்வர்டுகள் நல்ல கோச்சாக மாட்டார்கள் என்பது சரியில்லை. அலெக்ஸ் ஃபெர்குசன் ஃபார்வர்ட். யுப் ஹைன்கெஸ் ஃபார்வர்ட். க்ரைஃபும் டால்கிளிஷும் அப்படித்தான். 2010 யாருக்குச் சேரும் என்பது பாகப்பிரிவினை வழக்கு, அதில் எனக்கு ஆர்வம் இல்லை. 44 வருடம் கோப்பையே பார்க்காத ஸ்பெயின் 2008-ல் நாடுகளுக்கான யூரோ கோப்பை இறுதியில் வியன்னாவில் ஜெர்மனியை 1-0 என்று வென்றது. சாவி, இனியெஸ்டா, சில்வா என்று குள்ளமான பையன்களை நம்பி அந்த அணியைக் கட்டியவர் அரகோனெஸ். இது போதும்.

ஹென்றி விஷயத்தில் உங்களைக் கண்டிக்கத்தான் வேண்டும். 2004 அக்டோபரில், பயிற்சி நடந்துகொண்டிருந்தபோது, ஹென்றியோடு ஆர்சனலில் ஆடிக்கொண்டிருந்த ஸ்பெயின் ஆட்டக்காரர் ரேயெஸிடம் அரகோனெஸ் அதைச் சொன்னார். "நீ அவனைவிடச் சிறந்தவன்" என்று சொல்ல ஆயிரம் வழி இருக்கிறது. முப்பது வருடம் ஆட்டக்காரர்களிடம் பேசியே பிழைத்த மனிதர், ஹென்றியின் தோல் நிறத்தைத் தொட்டு அதைச் சொன்னார். அடுத்த மாதமே பெர்னபேயு மைதானத்தில் இங்கிலாந்தின் கறுப்பின ஆட்டக்காரர்களைப் பார்த்துக் கூட்டம் குரங்குச் சத்தம் போட்டது. ஸ்பானியக் கால்பந்துச் சம்மேளனம் அவருக்குப் போட்ட அபராதம் 3000 யூரோ. உசுப்பத்தானே சொன்னார் என்று நீங்களும் கேட்கிறீர்கள். பையன்களுக்குப் பயிற்சி கொடுக்கிறவர் இப்படி எழுதக் கூடாது. அவருடைய 2008 அணியில் கறுப்பினத்தவரான மார்கோஸ் சென்னா ஆடினாரே என்று அடுத்த கடிதத்தில் எழுத வேண்டாம், அதுவும் பதில் ஆகாது. எனக்கு அரகோனெஸை மிகவும் பிடிக்கும். அந்தச் சொல் தவறு, அவ்வளவுதான்.

சரி, உங்கள் கோல்கீப்பரிடம் வருவோம்.

1974 மே 15, பிரஸ்ஸல்ஸ் நகரின் ஹெய்சல் மைதானம். கிளப் அணிகளுக்கான ஐரோப்பியக் கோப்பை இறுதி ஆட்டத்தில் அத்லெட்டிகோ மாட்ரிட்டும் பேயர்ன் மியூனிக்கும் மோதுகின்றன. தொண்ணூறு நிமிடம் கோல் இல்லை. எக்ஸ்ட்ரா டைமில் 114-வது நிமிடம் பெட்டிக்கு வெளியே ஒரு ஃப்ரீ கிக். அத்லெட்டிகோவின் 35 வயது அரகோனெஸ் அடித்த பந்து பேயர்ன் கோல்கீப்பர் செப் மயரைத் தாண்டி வளைந்து உள்ளே போனது. இன்னும் ஆறு நிமிடம் தாங்கினால் கோப்பை. 120-வது நிமிடத்தில் பேயர்னின் ஷ்வார்ட்சென்பெக், கோல் அடித்துப் பழக்கமே அதிகம் இல்லாத தடுப்பாட்டக்காரர், வெகு தூரத்திலிருந்து ஓங்கி ஒன்று விட்டார். சமம். பெனால்டி முறை அந்த இறுதி ஆட்டத்துக்கு இல்லாததால் இரண்டு நாள் கழித்து மறுபடியும் ஆடினார்கள். பேயர்னின் ஹேனஸ் இரண்டு, முல்லர் இரண்டு. 4-0.

அந்தக் காட்சியைப் பார்க்கிற எல்லாரும் ஷ்வார்ட்சென்பெக்கின் காலைப் பார்ப்பார்கள். நான் பார்ப்பது அத்லெட்டிகோ கோலில் நின்றவரை. மிகேல் ரெய்னா. ஃபார்வர்ட் பத்து வாய்ப்பை வீணடித்துப் பதினோராவதை அடித்தால் தோளில் தூக்கிக்கொள்வார்கள். கோல்கீப்பருக்கு அந்தக் கணக்கு கிடையாது. 119 நிமிடம் ரெய்னா பிடித்த பந்துகள் யாருக்காவது நினைவிருக்கிறதா? எனக்கே இல்லை.

என் அண்ணன் கோல்கீப்பர். கல்லூரி அணியில் மூன்று வருடம் நின்றான். சிங்கப்பூரிலிருந்து மாமா வாங்கி வந்த தோல் கையுறை ஒரு ஜோடி வைத்திருந்தான், தினமும் துடைத்து வைப்பான். ஒரு அரையிறுதி ஆட்டம், நல்ல மழை. ஆட்டம் முடியப் போகிற நேரத்தில் நனைந்த பந்து அவன் கையில் பட்டு வழுக்கி இரண்டு காலுக்கும் நடுவே உள்ளே போனது. கோச் திட்டவில்லை. பஸ்ஸில் ஊர் திரும்பிய மூன்று மணி நேரமும் அவர் அண்ணன் பக்கம் திரும்பவே இல்லை. அடுத்த ஆட்டத்தில் வேறொரு பையன் நின்றான். ஏன் என்று யாரும் சொல்லவில்லை, அண்ணனும் கேட்கவில்லை. வீட்டுக்கு வந்து கையுறையை ஆணியில் மாட்டியவன் அப்புறம் எடுக்கவே இல்லை. ரொம்ப நாள் கழித்து அம்மா அதை அடுப்பிலிருந்து சட்டி இறக்க வைத்துக்கொண்டாள். அதையும் அவன் ஒன்றும் சொல்லவில்லை.

திட்டவில்லை என்று பெருமையாக எழுதியிருக்கிறீர்கள், கதிரவன். திட்டியிருக்கலாம். திட்டு வாங்கிய பையன் சாயங்காலம் அழுதுவிட்டு மறுநாள் வந்து நிற்பான். நீங்கள் பேசாமல் உட்கார வைத்தீர்கள். அவன் என்ன கற்றுக்கொள்வான் என்று நினைக்கிறீர்கள்? ஈரப் பந்தை மார்போடு அணைத்துப் பிடிப்பதையா? அதை மைதானத்தில் நின்றால்தானே கற்க முடியும்! பெஞ்சில் உட்கார்ந்தவன் கற்பது ஒன்றே ஒன்று, ஒரு பந்து விட்டால் நான் இந்த அணியில் இல்லை என்பது. அதற்குப் பிறகு அவன் கோலை விட்டு வெளியே வந்து பந்தைப் பிடிக்கவே பயப்படுவான். அந்தப் பயத்தில் இன்னொரு பந்தை விடுவான். அப்போது "பார்த்தீர்களா, சரியாகத்தான் முடிவு செய்தேன்" என்று நீங்கள் சொல்வீர்கள்.

அரகோனெஸ் என்ன செய்தார் என்று பாருங்கள். ஹெய்சலுக்குச் சில மாதங்களுக்குப் பிறகு அத்லெட்டிகோவின் பயிற்சியாளர் லொரென்ஸோ நீக்கப்பட்டார். இன்னமும் ஆட்டக்காரராக இருந்த அரகோனெஸிடம் பொறுப்பைக் கொடுத்தார்கள். நேற்று வரை கூடவே உடை மாற்றிய நண்பர்கள், கூடவே தோற்றவர்கள், இன்று அவர் சொன்னபடி ஆட வேண்டும். ஸ்பானிய மொழியிலும் நம்மைப் போலவே நீ, நீங்கள் என்று இரண்டு உண்டு. இனிமேல் என்னை "நீங்கள்" என்று அழையுங்கள் என்று அவர் அவர்களிடம் சொன்னதாக ஒரு கதை மாட்ரிட்டில் இன்றைக்கும் சொல்லப்படுகிறது. ஆங்கிலத்தில் எழுதுகிறவர்கள் இதைச் சொல்லத் திணறுவார்கள். நமக்கு விளக்கமே வேண்டாம். பள்ளித் தோழன் ஒருவன் தலைமையாசிரியராக வந்து உட்கார்ந்தால் நம் வாய் எப்படித் தடுமாறும் என்று நமக்குத் தெரியும்.

ஃபார்வர்ட் எப்படி கோச் ஆனார் என்று கேட்டீர்களே, என் கணக்கில் அந்த ஒரு சொல்லில்தான் ஆனார். பலர் அதை அதிகாரம் என்று படிக்கிறார்கள். நான் அப்படிப் படிக்கவில்லை. "நீங்கள்" என்று கூப்பிடச் சொன்னவன் மேல்தான் இனி தோல்வி விழும். 1975 ஏப்ரலில் அர்ஜென்டினாவின் இன்டிபென்டியென்டேவை வென்று கண்டங்களுக்கு இடையிலான கோப்பையை எடுத்தார்கள். 1976-77-ல் லீக் பட்டம், பார்சிலோனாவைவிட ஒரே புள்ளி கூடுதல். அந்தப் பருவத்தில் மிகக் குறைவான சராசரியில் கோல் விட்டவருக்கான ஸமோரா விருதை வாங்கியவர் யார் தெரியுமா? மிகேல் ரெய்னா. ஹெய்சலில் கோல் விட்ட அதே ரெய்னா, அன்று முன்வரிசையில் நின்று கோல் அடித்த மனிதரின் அணியில்!

ஸ்பெயினின் நட்சத்திர ஃபார்வர்ட் ராவுலை அவர் தூக்கி எறியவில்லையா என்று கேட்பீர்கள். 2006 செப்டம்பரில் வட அயர்லாந்திடம் 3-2 தோற்றதோடு ராவுலின் ஸ்பெயின் ஆட்டம் முடிந்தது உண்மைதான். பத்திரிகைகள் அரகோனெஸை இரண்டு வருடம் வறுத்தெடுத்தன. ஆனால் அது ஒரு பந்தை விட்டதற்கான தண்டனை இல்லை. வேறு மாதிரி ஆட வேண்டும் என்று முடிவெடுத்தார், அதில் ராவுலுக்கு இடம் இல்லை, அதற்கான வசவை எல்லாம் தானே வாங்கிக்கொண்டார். உங்கள் பையனுக்குப் பதில் இன்னொருவன் உண்மையிலேயே நன்றாக நிற்கிறான் என்றால் அவனை நிறுத்துங்கள், அதைப் பையனிடம் முகத்துக்கு நேராகச் சொல்லுங்கள். கற்றுக்கொள்ளட்டும் என்று பேர் வைக்காதீர்கள்.

2008 ஜூன் 18, சால்ஸ்பர்க். யூரோ கோப்பையில் கிரேக்கத்துக்கு எதிரான ஆட்டத்தில் அரகோனெஸ் வழக்கமான கோல்கீப்பர் காசியாஸுக்கு ஓய்வு கொடுத்தார். கோலில் வந்து நின்றவர் பெப்பே ரெய்னா, மிகேலின் மகன். நம் ஊரில் நள்ளிரவு தாண்டிய நேரம். அண்ணனை போனில் எழுப்பினேன். "அந்த ரெய்னாவோட பையன்டா" என்று சொன்னதும் ஒரு நிமிடம் பேச்சே இல்லை, அப்புறம் டிவியைப் போடும் சத்தம் கேட்டது. இடைவேளைக்குச் சற்று முன் கரிஸ்தேயாஸ் தலையால் முட்டி கோல் அடித்தார். அண்ணன் மெதுவாக, "மாத்திடுவாரா?" என்று கேட்டான். மாற்றவில்லை. ஸ்பெயின் 2-1 என்று வென்றது. கோப்பையோடு மாட்ரிட் திரும்பியபோது கொலோன் சதுக்கத்தில் மைக்கைப் பிடித்து ஒவ்வொரு ஆட்டக்காரராகக் கூட்டத்துக்கு அறிமுகப்படுத்தியதும் அதே பெப்பே ரெய்னாதான்.

அரகோனெஸ் 2014 பிப்ரவரி 1-ல் காலமானார். அந்த மே மாதம் லிஸ்பனில் அத்லெட்டிகோ மறுபடியும் ஐரோப்பியக் கோப்பை இறுதியில் நின்றது, 93-வது நிமிடம் வரை முன்னிலையில் இருந்தது, ரியல் மாட்ரிட்டின் ரமோஸ் தலையால் முட்டிச் சமமாக்கினார், அப்புறம் 4-1 என்று தோற்றது. அன்று அண்ணனுக்கு நான் போன் செய்யவில்லை.

உங்கள் பையன் பெயரைக்கூட எழுதவில்லையே, கதிரவன். இரண்டு ஆட்டம் என்றீர்கள், இன்னும் ஒன்று பாக்கி இருக்கும். அதில் அவனை நிறுத்துங்கள். முந்தின நாள் சாயங்காலம் தனியாக அழைத்து அரை மணி நேரம் ஈரப் பந்தாகவே போட்டுக் கொடுங்கள், நீங்களே உதைத்துக் கொடுங்கள். ஆட்டம் எப்படிப் போனது என்று எழுதுங்கள். தோற்றாலும் எழுதுங்கள்.

அன்புடன்.