அவன் ஏன் உங்கள் முகத்தைப் பார்த்தான்?

கேள்வி: என் மகனுக்கு 13 வயது. நான்கு வருடமாக பேட்மின்டன் ஆடுகிறான். போன மாதம் ஒரு போட்டியில் இறுதி ஆட்டம் வரைக்கும் போனான். அரையிறுதியே பெரிய போராட்டம். மூன்றாவது கேமில் 19-19 இருக்கும்போது எதிராளி அடித்த ஷட்டில் இவன் ராக்கெட் ஓரத்தில் லேசாக உரசிவிட்டு வெளியே விழுந்தது. பட்டால் பாயின்ட் எதிராளிக்கு. அம்பயர் கவனிக்கவில்லை, அவுட் என்று இவனுக்குப் பாயின்ட் கொடுத்துவிட்டார். இவன் திரும்பி என்னைப் பார்த்தான், விடு, ஆடு என்று கை காட்டினேன், 21-19 என்று ஜெயித்தான். ஆனால் இறுதி ஆட்டத்தில் மானம் போய்விட்டது. கோட்டில் விழுந்த இவன் ஷட்டிலை அவுட் என்று சொல்லிவிட்டார்கள் என்று அம்பயரிடம் கத்தினான். தோற்றதும் ராக்கெட்டை வீசி எறிந்தான். ஜெயித்த பையனுக்குக் கை கொடுக்காமல் வெளியே போய்விட்டான். எல்லோர் முன்னாலும் எனக்குத் தலைகுனிவு. ஸ்போர்ட்டிவாக எடுத்துக்கொள் என்று எத்தனையோ முறை சொல்லிப் பார்த்துவிட்டேன். அவன் அம்மா, சின்னப் பையன்தானே, விடுங்கள் என்கிறாள். ஸ்போர்ட்ஸ்மேன்ஷிப் என்றால் என்ன என்று இவனுக்கு எப்படிப் புரியவைப்பது?
– ஒரு அப்பா

பதில்: தம்பி, தோற்றுவிட்டு ஆத்திரப்படும் பிள்ளைகளைப் பற்றி எனக்குக் கடிதம் வராத மாதமே இல்லை. செஸ் போர்டைக் கவிழ்த்தவன், ரன் அவுட் ஆனதும் ஸ்டம்பை உதைத்தவன், தோற்ற அன்று சாப்பிடாமல் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டவள் என்று எத்தனையோ பேரைப் படித்துவிட்டேன். இந்த வயதில் எல்லாப் பிள்ளைகளும் இப்படித்தான், போகப் போகச் சரியாகிவிடும் என்று நான் எழுதுவேன் என்று நினைத்திருப்பீர்கள். எழுத மாட்டேன். உங்கள் மகனைப் பற்றிப் பேசுவதற்கு முன்னால் உங்களைப் பற்றிப் பேச வேண்டியிருக்கிறது.

இறுதி ஆட்டத்தைப் பற்றி அவ்வளவு எழுதியிருக்கிறீர்கள். அரையிறுதியைப் போகிற போக்கில் சொல்லிவிட்டுத் தாண்டிவிட்டீர்கள். அதில் ஒரு வரி இருக்கிறது: "இவன் திரும்பி என்னைப் பார்த்தான்." கடிதம் முழுவதிலும் எனக்கு அந்த ஒரு வரிதான் நிற்கிறது.

ஏன் பார்த்தான்? கொஞ்சம் நிதானமாக யோசித்துப் பாருங்கள். ஷட்டிலின் இறகு ராக்கெட் விளிம்பில் உரசினால் பக்கத்தில் நிற்பவருக்குக்கூடக் கேட்காது, ஆனால் பிடித்திருக்கும் கைக்குத் தெரியும். உள்ளங்கையில் ஒரு சின்ன அதிர்வு. உங்கள் மகனுக்கு அது தெரிந்தது. 19-19, மூன்றாவது கேம், இன்னும் இரண்டு பாயின்ட் எடுத்தால் இறுதி ஆட்டம். அம்பயரே அவன் பக்கம் சொல்லிவிட்டார். அவன் பேசாமல் ஷட்டிலை எடுத்துக்கொண்டு சர்வ் போடப் போயிருக்கலாம். போகவில்லை. 13 வயதுப் பிள்ளை, அத்தனை பதற்றத்துக்கு நடுவில், நின்று, கழுத்தைத் திருப்பி, கூட்டத்தில் உங்களைத் தேடி, உங்கள் முகத்தைப் பார்த்திருக்கிறான். அப்பா, பட்டுவிட்டது, என்ன செய்யட்டும் என்று கேட்டிருக்கிறான். நீங்கள் கேட்கும் ஸ்போர்ட்ஸ்மேன்ஷிப் அந்தக் கணம் வரைக்கும் அவனிடம் இருந்தது, தம்பி. யாரும் சொல்லிக்கொடுக்காமலே இருந்தது. நீங்கள்தான் விடு, ஆடு என்று கையால் தள்ளிவிட்டீர்கள்.

அப்புறம் இறுதி ஆட்டத்தில் வேறென்ன நடக்கும் என்று எதிர்பார்த்தீர்கள்? அரையிறுதியில் அம்பயர் செய்த தவறு அவனுக்குச் சாதகமாக இருந்தது, அப்பா பேசாமல் ஆடு என்றார். அடுத்த ஆட்டத்தில் அம்பயரின் தவறு பாதகமாக வந்தது, அப்பா ஸ்போர்ட்டிவாக எடுத்துக்கொள் என்கிறார். அவன் எதை நம்புவான்? இரண்டுக்கும் பொதுவாக ஒன்றே ஒன்றுதான் அவனுக்குத் தெரிந்திருக்கும், அப்பாவுக்கு வெற்றி வேண்டும் என்பது. அது கையை விட்டுப் போனதும் ராக்கெட்டும் போயிற்று.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன், கோபப்பட்டாலும் பரவாயில்லை. மானம் போய்விட்டது, தலைகுனிவு என்று எழுதியிருக்கிறீர்கள். ராக்கெட் பறந்ததை எல்லோரும் பார்த்தார்கள், அதனால் உங்களுக்கு மானம் போயிற்று. அரையிறுதியில் நடந்தது நீங்கள் இரண்டு பேர் மட்டும் அறிந்தது, அங்கே மானம் பத்திரமாக இருந்தது, அதனால்தான் அதை ஒரு தவறாகக்கூட நினைக்காமல் எனக்கு எழுதியிருக்கிறீர்கள். பார்த்தால்தான் குற்றம் என்று பிள்ளை எங்கே கற்றான் என்று தேட வேண்டிய அவசியமே இல்லை.

சரி, சொல்லுக்கு வருவோம், அதைத்தானே கேட்டிருக்கிறீர்கள்.

தெருவில் ஆடும் பிள்ளைகளிடம் இதற்கு இரண்டு சொல் இருக்கிறது. தோற்றுவிட்டு அழுது, சண்டை போட்டு, ஆட்டத்தைக் கலைப்பவனை அழுகுணி என்பார்கள். ஏமாற்றி ஜெயிப்பவன் ஆடுவது போங்கு ஆட்டம். இரண்டையும் அவர்கள் ஒரே மாதிரி வெறுப்பார்கள், இன்னும் சொல்லப்போனால் போங்கு ஆடுபவனை அடுத்த நாள் ஆட்டத்திலேயே சேர்க்க மாட்டார்கள். பெரியவர்களான நாம் ஸ்போர்ட்டிவ் என்று ஒரு சொல்லை எடுத்துக்கொண்டு அதில் அழுகுணிக்கான பாதியை மட்டும் வைத்துக்கொண்டோம். ஆபீஸில் ஒருவரின் நிறத்தையோ உடம்பையோ கேலி செய்துவிட்டு, அவர் முகம் சுருங்கினால் ஸ்போர்ட்டிவாக எடுத்துக்க வேண்டாமா என்கிறோம். அடிபட்டவனிடம்தான் இந்தச் சொல்லை நீட்டுகிறோம். அடித்தவனைப் பார்த்து யாரும் சொல்வதில்லை. தமிழில் விளையாட்டு மனப்பான்மை என்று எழுதினால் இன்னும் மோசமாகிவிடுகிறது, ஏனென்றால் நமக்கு விளையாட்டு என்றாலே பெரிதாக எடுத்துக்கொள்ளாதது என்று ஒரு பொருள் கூடவே வரும். விளையாட்டுக்குச் சொன்னேன், விளையாட்டுப் புத்தி என்றெல்லாம் பேசுகிறோமே, அந்தப் பொருள். நான்கு வருடம் விடிகாலையில் எழுந்து பயிற்சிக்குப் போன பிள்ளையிடம் பெரிதாக எடுத்துக்கொள்ளாதே என்று சொன்னால் அவன் காதில் அது எப்படி ஏறும்?

அந்த ஆங்கிலச் சொல்லின் பழைய பொருளைப் பாருங்கள். ஸ்போர்ட்ஸ்மேன் என்றால் முன்பெல்லாம் வேட்டைக்காரன். அந்த வேட்டைக்காரர்களுக்குள் ஒரு கட்டுப்பாடு இருந்தது, உட்கார்ந்திருக்கும் பறவையைச் சுடுவது இழுக்கு, அது பறந்த பிறகுதான் சுட வேண்டும், தப்பிக்க அதற்கு ஒரு வழி இருக்க வேண்டும். துப்பாக்கியைக் கையில் வைத்திருப்பவனைக் கட்டுப்படுத்த வந்த நெறி இது. வலு யார் கையில் இருக்கிறதோ, அவனுக்குத்தான் முதல் கடமை. தோற்றவன் சிரித்த முகமாகக் கை கொடுப்பதெல்லாம் அதற்கு அப்புறம் வருவது.

விளையாட்டுச் செய்தி படிப்பவராக இருந்தால் 1981 பிப்ரவரி 1 அன்று மெல்போர்னில் நடந்ததைக் கேள்விப்பட்டிருப்பீர்கள். ஆஸ்திரேலியாவுக்கும் நியூசிலாந்துக்கும் ஒருநாள் ஆட்டம், கடைசிப் பந்து, நியூசிலாந்து ஒரு சிக்ஸர் அடித்தால் ஆட்டம் சமன் ஆகும். ஆஸ்திரேலியக் கேப்டன் கிரெக் சாப்பல், பந்து போடுபவர் அவருடைய தம்பி டிரெவர் சாப்பல். அண்ணன் தம்பியிடம், பந்தைத் தரையோடு உருட்டிவிடு என்றார். தம்பி உருட்டிவிட்டார். பேட்ஸ்மேன் பிரையன் மெக்கெக்னி அதைத் தடுத்துவிட்டு மட்டையை வீசி எறிந்தார். அப்படி உருட்டுவது அன்றைய விதிப்படி தவறே இல்லை, ஆஸ்திரேலியா ஜெயித்தது, விதி பிறகுதான் மாற்றப்பட்டது. வர்ணனை செய்துகொண்டிருந்தவர்களில் இன்னொரு அண்ணன் இயான் சாப்பலும் இருந்தார், வேண்டாம் கிரெக், அப்படிச் செய்யக் கூடாது என்று அவர் வாயிலிருந்தே வந்தது. ஒரே குடும்பத்துப் பிள்ளைகள் மூன்று பேர். அண்ணன் சொன்னதைத்தான் தம்பி செய்தார், ஆனால் டிரெவர் என்ற பெயரைச் சொன்னால் அவர் ஆடிய மற்ற ஆட்டமெல்லாம் போய் இன்றைக்கும் அந்த ஒரு பந்துதான் நினைவுக்கு வருகிறது. உங்கள் கை அசைந்ததை நினைத்தபோது எனக்கு இதுதான் ஞாபகம் வந்தது. சொல்பவர் பெரியவர், சுமப்பது சின்னவர்.

உண்மையைச் சொல்லியிருந்தால் தோற்றிருப்பானே என்று நீங்கள் கேட்கலாம். தோற்றிருக்கலாம். 1980இல் மும்பையில் நடந்த டெஸ்டில் இங்கிலாந்தின் பாப் டெய்லருக்கு அம்பயர் அவுட் கொடுத்துவிட்டார், ஸ்லிப்பில் நின்ற இந்தியக் கேப்டன் குண்டப்பா விஸ்வநாத் பந்து மட்டையில் படவில்லை என்று அவரைத் திரும்ப அழைத்து ஆடச் சொன்னார். டெய்லரும் அவரோடு ஆடிய இயான் போத்தமும் சேர்ந்து நிறைய ரன் எடுத்தார்கள், இந்தியா அந்த டெஸ்டில் 10 விக்கெட்டில் தோற்றது. தோற்றதைச் சேர்த்துத்தான் சொல்கிறேன், ஏனென்றால் நல்லது செய்தால் நல்லதே நடக்கும் என்று பிள்ளைக்குச் சொல்லி இதைச் செய்ய வைக்கக் கூடாது.

விஸ்வநாத் செய்தது பெருந்தன்மை வகை. அம்பயர் கொடுத்த முடிவை ஏற்றுக்கொண்டிருந்தால் விஸ்வநாத்தை யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். உங்கள் மகனிடம் யாரும் பெருந்தன்மை கேட்கவில்லை, உண்மையை மட்டும்தான் அந்த ஆட்டம் கேட்டது. 1925இல் அமெரிக்க ஓப்பன் கோல்ஃப் போட்டியில் பாபி ஜோன்ஸ் என்பவர், தன் பந்து லேசாக அசைந்துவிட்டது என்று தானாகவே சொல்லித் தனக்கு ஒரு ஸ்ட்ரோக், அதாவது ஓர் அடி கூடுதலாகக் கணக்கிடும் அபராதம் போட்டுக்கொண்டார். வேறு யாரும் அதைப் பார்க்கவில்லை. முடிவில் ஆட்டம் சமனாகி, பட்டத்துக்காக மறுபடி ஆடியதில் தோற்றார். அந்த ஒரு ஸ்ட்ரோக் இல்லையென்றால் பட்டம் அவருக்கு. அவரைப் பாராட்டப் போனவர்களிடம், ஒருவன் வங்கியைக் கொள்ளையடிக்கவில்லை என்பதற்காகப் பாராட்டுவீர்களா என்கிற மாதிரி கேட்டார். பட்டதைப் பட்டது என்று சொல்வது அந்தக் கணக்கில் வருகிற விஷயம்.

அந்த அரையிறுதிப் பையனைப் பற்றி நீங்கள் ஒரு வார்த்தைகூட எழுதவில்லை, கவனித்தீர்களா? எதிராளி என்று ஒரு இடத்தில் வருகிறான், அவ்வளவுதான். அவனும் யாரோ பெற்ற பிள்ளைதானே. 19-19இல் நல்ல ஷாட் அடித்தான், அதற்குரிய பாயின்ட் அவனுக்கு வரவில்லை. ஆட்டம் முடிந்ததும் உங்கள் மகனுக்குக் கை கொடுத்திருப்பான் என்றே நினைக்கிறேன், கொடுக்காமல் போயிருந்தால் அதை நீங்கள் கட்டாயம் எழுதியிருப்பீர்கள். தனக்கு வர வேண்டிய பாயின்ட்டை எடுத்துக்கொண்டவன் கையை அவன் குலுக்கியிருக்கிறான். ஒருவேளை அந்த உரசல் அவன் கண்ணில் பட்டும் இருக்கலாம்.

அவன் அம்மா சொல்வது பற்றி அதிகம் பேச வேண்டியதில்லை. சின்னப் பையன் என்பதால்தான் இப்போதே செய்ய வேண்டும், 20 வயதில் அவன் உங்கள் முகத்தைப் பார்க்கவே மாட்டான்.

இப்போது செய்ய வேண்டியதைச் சொல்கிறேன். ஸ்போர்ட்டிவ் என்ற சொல்லை வீட்டில் கொஞ்ச நாள் எடுக்காதீர்கள். இன்று ராத்திரி அவனைத் தனியாகக் கூப்பிட்டு, அரையிறுதியில் நீ என்னைப் பார்த்தாய், நான் உனக்குத் தப்பாகச் சொல்லிவிட்டேன் என்று சொல்லுங்கள். அதோடு நிறுத்துங்கள். ஆனால் நீ ராக்கெட்டை எறிந்தது என்று ஆரம்பித்துவிடாதீர்கள், மன்னிப்பைக் கொடுத்து மன்னிப்பு வாங்குகிற வியாபாரம் அப்பாவுக்கும் பிள்ளைக்கும் நடுவில் வேண்டாம். அவன் கோபப்படலாம், அழலாம், எழுந்து போய்விடலாம், இருங்கள். பெற்றவர்கள் பிள்ளையிடம் தலை குனிந்தால் மரியாதை போய்விடும் என்று நினைக்கும் குடும்பங்கள் நிறைய உண்டு, எனக்கு அதில் ஒரு நாளும் உடன்பாடு இல்லை. தவறை ஒத்துக்கொள்ளாத அப்பாவுக்குக் கிடைப்பது பயம்தான், மரியாதை என்று அவர் நினைத்துக்கொண்டிருப்பார்.

அப்புறம் போட்டி நடத்தியவர்களிடம் உள்ளதைச் சொல்லுங்கள். இத்தனை நாள் கழித்து முடிவை மாற்ற மாட்டார்கள் என்றுதான் நினைக்கிறேன், இருந்தாலும் அது அவர்கள் தீர்மானிக்க வேண்டியது. பதக்கத்தைத் திருப்பிக் கேட்டால் கொடுத்துவிடுங்கள். இறுதி ஆட்டத்தில் ஜெயித்த பையனுக்குக் கை கொடுக்காமல் வந்தது உங்கள் மகன் தானே போய்ச் சரிசெய்ய வேண்டியது, அதை அவன் செய்வான், ஆனால் நீங்கள் உங்கள் பங்கை முடிக்கும் முன்னால் அவனை அங்கே இழுத்துக்கொண்டு போகாதீர்கள். அடுத்த போட்டிக்குக் கிளம்பும்போது அவனிடம், ராக்கெட்டில் பட்டது தெரிந்தால் கையைத் தூக்கிவிடு, என் பக்கம் திரும்பாதே என்று சொல்லி அனுப்புங்கள்.

அதற்கெல்லாம் முன்னால் அரையிறுதிப் பையனின் வீட்டுக்குப் போன் செய்யுங்கள். கோச்சிடம் கேட்டால் எண் கிடைக்கும். அந்தப் பையனின் அப்பாவிடம், அந்தப் பாயின்ட் உங்கள் மகனுடையது, என் மகன் என்னைக் கேட்டான், நான்தான் ஆடச் சொன்னேன் என்று முழுசாகச் சொல்லுங்கள். அவர் திட்டினால் குறுக்கே பேசாமல் கேட்டுக்கொள்ளுங்கள். நீங்கள் பேசும்போது உங்கள் மகன் பக்கத்தில் உட்கார்ந்திருக்கட்டும். அப்போதும் அவன் உங்கள் முகத்தைத்தான் பார்த்துக்கொண்டிருப்பான்.